கம்பத்துக்கு மேற்கே ஒரு வரிசை அகத்தி

போன மாதம் எங்கள் பழைய அலுவலகத்தில் ஒரு தேநீர் விருந்து. யாருக்கோ பதவி உயர்வு. ஓய்வு பெற்றவர்களையும் மறக்காமல் கூப்பிட்டிருந்தார்கள். புதிதாகச் சேர்ந்த இன்ஜினியர் பெண் ஒருத்தி எனக்கு ஒரு பெட்டியைக் காட்டினாள். தரையில் வைத்துவிட்டால் போதும், அதுவே ஒளியை மேலே அனுப்பிக் காற்றின் வேகத்தை அளந்து, அளந்ததை அவளுடைய கைப்பேசிக்கு அனுப்பிவிடுமாம். கம்பம் வேண்டாம், ஆளும் வேண்டாம். "சார், உங்க காலத்துல இதுக்குன்னு ஒரு ஆளையே உக்கார வெச்சிருந்தாங்களாமே, நெஜமா?" என்றாள். "ஆமாம்மா, அந்த ஆளு நான்தான்" என்றேன். சுற்றி நின்றவர்கள் கொல்லென்று சிரித்தார்கள். எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. வயசானால் வரும் வெட்டிக் கோபம்.

அவள் மட்டும் சிரிக்கவில்லை. செஞ்சிப் பக்கத்துப் பெண். "தனியா உக்காந்துகினு இன்னா சார் பண்ணுவீங்க?" என்று கேட்டாள். சமோசா ஆறுகிறது என்று சொல்லி நழுவிவிட்டேன். அவளுக்குச் சொல்ல வேண்டியதை இங்கே எழுதுகிறேன்.

எண்பதுகளின் தொடக்கத்தில் டெல்லியில் எரிசக்திக்கென்று புதிதாக ஒரு துறை ஏற்பட்டது. டீசலையும் நிலக்கரியையும் நம்பாமல் வெயில், காற்று, சாணம் இவற்றிலிருந்து என்ன கிடைக்கும் என்று பார்ப்பது அதன் வேலை. சாணப் பிரிவுக்காரர்களுக்கு ஊருக்குள் மரியாதை இருந்தது. எரிவாயுக் கலன் கட்டிக் கொடுத்துவிட்டு, காபி குடித்துவிட்டு வருவார்கள். காற்றுப் பிரிவுக்காரர்கள் நாங்கள் யாருக்கும் எதையும் கொடுப்பதில்லை. அளப்போம். அளந்ததை எழுதி அனுப்புவோம். எந்த ஊரில் எவ்வளவு காற்று என்று தெரியாமல் காற்றாடி நட்டால் அது கொடிக்கம்பம் மாதிரி சும்மா நிற்கும்; அதனால் இரண்டு வருஷம் அளந்துவிட்டுத்தான் மறுபேச்சு என்பது டெல்லியின் முடிவு. சரியான முடிவுதான். ஆனால் இரண்டு வருஷம் ஒரு பொட்டலில் ஒருத்தன் உட்கார வேண்டுமே, அந்த ஒருத்தனைப் பற்றி எந்தக் கோப்பிலும் ஒன்றும் இல்லை.

நான் ஐ.டி.ஐ. முடித்துவிட்டுக் காணை என்ற ஊரில் அண்ணன் வீட்டில் இருந்தேன். அப்பாவும் அம்மாவும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அண்ணி நல்லவர், சோறு போடுவார், போட்டுவிட்டு, "எப்ப கெளம்பற?" என்று கேட்பார். அந்த நேரத்தில் கள உதவியாளர் வேலை கிடைத்தது. தற்காலிகம்தான். விழுப்புரம் ஜங்ஷனுக்குப் பக்கத்தில் ஒரு சைக்கிள் கடைக்கு மேல் மாடியில் அலுவலகம். பதினைந்து நாள் பயிற்சி. கம்பத்தில் ஏறி எண்ணெய் விடவும், எண்ணைப் படிக்கவும், தாள் மாற்றவும் கற்றுக்கொண்டேன். அதை விரித்துச் சொல்ல ஒன்றுமில்லை.

சொல்ல வேண்டியது எங்கள் உதவி இயக்குநர் தரணேந்திரன் சாரைப் பற்றி. செஞ்சிப் பக்கத்து ஜைனக் குடும்பம். வீட்டில் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை வியாபாரம். ஒல்லியான மனிதர். வெயிலோ மழையோ கையில் குடை இருக்கும். சூரியன் சாய்ந்த பிறகு வாயில் ஒரு பருக்கை வைக்க மாட்டார். குரலை உயர்த்தி நான் ஒருநாளும் கேட்டதில்லை. அவர் பேசினால் நாம்தான் கிட்டப் போய்க் காதைக் கொடுக்க வேண்டும். கத்துகிற அதிகாரியைச் சமாளித்துவிடலாம். இவரிடம் எனக்கு உள்ளுக்குள் நடுக்கம்.

அவர் அலுவலகத்தில் ரப்பர் கிடையாது. தப்பாக எழுதினால் ஒரே ஒரு கோடு போட்டு அடித்து, பக்கத்தில் சரியானதை எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். அடித்த எண்ணும் தெரிய வேண்டும். காற்றே இல்லாத வேளையில் கட்டத்தைக் காலியாக விடக் கூடாது. "காலியா உட்டா நீ தூங்கினேன்னு அர்த்தம். பூஜ்யம் போட்டா காத்து தூங்கிச்சின்னு அர்த்தம்" என்பார். வாராந்திரத் தாளின் அடியில் ஒரு கட்டம் இருந்தது: கம்பத்தைச் சுற்றிப் புதிதாக மரம், சுவர், வைக்கோல் போர் ஏதேனும் உண்டா, இல்லையா? ஏதாவது இருந்தால் அதன் உயரத்தைப் போலப் பத்து மடங்கு தூரம் தள்ளி இருக்க வேண்டும். கிட்டே இருந்தால், கம்பத்தில் பாதி உயரமே இருந்தாலும் காற்றைக் குலைத்து மறைத்துவிடும். பயிற்சியில் இதை எங்களை எழுந்து நிற்க வைத்துச் சொல்லச் சொன்னார். நான்தான் தப்பில்லாமல் சொன்னவன்.

என் கம்பம் திண்டிவனத்துக்குக் கிழக்கே, பெருமுக்கல் மலை கண்ணுக்குத் தெரிகிற ஒரு கிராமத்தில் இருந்தது. ஊர்ப் பெயர் வேண்டாம். வேணு அண்ணன் என்பவர் தம் மல்லாட்டைக் கொல்லையில் இடம் விட்டிருந்தார். முப்பதடி உயரம், உச்சியில் சுற்றுகிற மூன்று கிண்ணங்கள், அடியில் ஒரு பெட்டி. பெட்டிக்குள் சைக்கிள் மீட்டர் மாதிரி எண்கள் ஓடும். காலை ஆறு, ஒன்பது, பன்னிரண்டு, மூன்று, ஆறு என்று ஐந்து வேளை அதைப் பார்த்து எழுத வேண்டும். இரவுக்கும் நான் இல்லாத நாளுக்கும் ஒரு தாளில் மைப்பேனா தானாக ஓடிக்கொண்டிருக்கும். கம்பத்தில் இந்தியிலும் இங்கிலீஷிலும் ஒரு பலகை. ஊரில் எவரும் அதைப் படித்ததில்லை. டெல்லி கம்பம் என்று பெயர் வைத்துவிட்டார்கள். நான் காத்துக்காரரு. கம்பத்துக்குப் பக்கத்தில் மூங்கிலும் பனை ஓலையும் போட்ட ஒரு கொட்டாய், அதில்தான் குடித்தனம். தனியாள் குடித்தனம்.

வேணு அண்ணனின் மனைவி கன்னியம்மா அக்கா. நாற்பது, நாற்பத்தைந்து வயதிருக்கும். அந்தக் குடும்பத்துக்கு இருந்த ஒரே நீர், கம்பத்துக்குப் பக்கத்திலிருந்த கிணறு. நான் போவதற்கு முன்பே வேணு அண்ணன் கிணற்று மேட்டிலிருந்து விழுந்து இடுப்பை முறித்துக்கொண்டிருந்தார். கோல் ஊன்றி நடப்பார், அவ்வளவுதான். கரண்டுக்கு எழுதிப் போட்டு வருஷக்கணக்காகக் காத்திருந்தார்கள். அதனால் அக்காதான் கவலை ஏற்றம் ஓட்டுவார். இரண்டு மாட்டைப் பூட்டிச் சரிவில் இறக்கினால் கிணற்றிலிருந்து சால் மேலே வரும்; பிறகு மாடுகளைப் பின்னாலேயே நடத்தி மேலே கொண்டுவர வேண்டும். ஆண்கள் இரண்டு பேர் மாற்றி மாற்றிச் செய்கிற வேலை. அக்கா ஒண்டியாகச் செய்தார். காலையில் நான் ஆறு மணி எண்ணை எழுதும்போது அவர் இறங்கிக்கொண்டிருப்பார், ஒன்பது மணி எண்ணுக்கும் இறங்கிக்கொண்டிருப்பார்.

நான் போன புதிதில் பஞ்சாயத்து அலுவலகத்தில் டெல்லிக் கடிதத்தைத் தமிழில் படித்துக் காட்டினேன். இரண்டு ஆண்டு அளவில் காற்று போதுமானதாக இருந்தால், கம்பத்துக்குப் பக்கத்துக் கிணற்றில் நீர் இறைக்கும் காற்றாடி ஒன்றைத் துறை நிறுவும் என்று அதில் இருந்தது. மற்றவர்கள் கேட்டுவிட்டுப் போய்விட்டார்கள். கன்னியம்மா அக்கா மட்டும் நின்று, "அந்தக் கடைசி வரிய இன்னொரு தபா படி" என்றார். படித்தேன். அன்றிலிருந்து தினமும் ஒரே கேள்விதான்.

"இன்னிக்கி காத்து எப்டி தம்பி?"

"நல்லா அடிச்சுதுக்கா."

நல்லா அடிக்காத நாளில், நான்தான் காற்றை எங்கேயோ ஒளித்துவைத்தது போல ஒரு பார்வை பார்ப்பார். ஒருநாள், "ரெண்டு சேத்துதான் போட்டுக்கயேன். டெல்லிலேருந்து யாரு வந்து பாக்கப் போறாங்க?" என்றார்.

"எங்க ஆபீஸ்ல ரப்பரே கெடையாதுக்கா. பொய் எழுதினா சாவுற வரைக்கும் தெரியும்."

"போ, நல்ல ஆபீசு!" என்று சிரித்தார்.

இனி அந்தப் பெண் கேட்டதற்கு வருகிறேன். தனியாக உட்கார்ந்து என்ன செய்தேன்? ஒன்றும் செய்யவில்லை. ஒரு எண்ணுக்கும் அடுத்த எண்ணுக்கும் நடுவில் மூன்று மணி நேரம். அந்த மூன்று மணி நேரம் யாருக்கும் நான் வேண்டாம். காலையில் முதல் வார்த்தை பேசும்போது என் குரலே எனக்குக் கரகரவென்று கேட்கும், அவ்வளவு நேரம் பேசாமல் இருந்திருப்பேன். மாதத்துக்கு இரண்டு நாள் காணைக்குப் போவேன். அங்கேயும் சொல்ல என்னிடம் சங்கதி இருக்காது. "காத்து அடிக்குது" என்று எத்தனை தரம் சொல்வது? ஊருக்குள் போனால் ஒரு பெரியவர் மறிப்பார்: "யோவ் காத்துக்காரரே, ஒங்க கம்பம் காத்த எல்லாம் முழுங்கிடுது, அதான் மேகம் வந்து நிக்க மாட்டேங்குது. பேஜாரா இருக்குதுய்யா, எப்பய்யா புடுங்குவீங்க?" அந்தச் சண்டைகூட எனக்குப் பிடித்திருந்தது. பத்து நிமிஷம் யாரோடோ பேசினேன் அல்லவா!

முதல் ஆனி, ஆடியில் மேற்கேயிருந்து மேல்காற்று வந்தது. தரணேந்திரன் சார் சந்தோஷப்பட்டுக் கடிதம் எழுதும் அளவுக்கு எண்கள் ஓடின. எனக்குத்தான் நரகம். உழுது போட்ட கொல்லையின் செம்மண் முழுதும் என் கொட்டாய்க்குள் வந்தது. சோற்றில் மண், படுக்கையில் மண், பதிவேட்டில் மண். இருமல் பிடித்துக்கொண்டது. ஒருநாள் கன்னியம்மா அக்கா கூழ் கொண்டுவந்தபோது நான் மூங்கிலைப் பிடித்துக்கொண்டு இருமிக்கொண்டிருந்தேன்.

"இன்னா தம்பி, மண்ணத் துண்றியா நீ?"

அடுத்த நாளே ஒரு பனை ஓலைத் தட்டி கட்டிக் கொடுத்தார். மூன்றாம் நாள் அது பறந்து பக்கத்துக் கொல்லையில் கிடந்தது.

கார்த்திகை மழையில் நான் இரண்டு நாள் காணைக்குப் போய்விட்டு வந்தேன். வந்து பார்த்தால் கம்பத்துக்கு மேற்கே, இருபதடி தள்ளி, நேர் வரிசையாகச் சின்னச் சின்னக் குழிகள். அக்கா கை மண்ணைத் தட்டிக்கொண்டு நின்றார்.

"அகத்தி போட்டுகீறேன். நெருக்கமா. ஆறு மாசத்துல தலைக்கு மேல பூடும். ஒனக்கு தூசி வராது. அந்தக் கம்பமும் பாவம், சதா ஆடிக்கினே இருக்குது. அதுக்கும் ஒரு மறைப்பாச்சி."

காற்றை அளக்கிற கம்பத்துக்குக் காற்று படாமல் மறைப்பு! எனக்குச் சிரிப்பு வந்தது. சிரித்துவிட்டு அங்கேயே சொல்லியிருக்க வேண்டும். "அக்கா, வேணாம், இது கூடாது" என்று நாலு வார்த்தை. சொல்லவில்லை. ஏன் என்று கேட்டால் வெட்கமாகத்தான் இருக்கிறது. எனக்கு ஜுரம் வந்தால் யாருக்கும் தெரியாது, நான் இருமினால் யாருக்கும் கேட்காது என்று இருந்தவனுக்காக ஒருவர் குனிந்து நாற்பது குழி பறித்திருந்தார். அம்மா போன பிறகு எனக்கென்று யாரும் ஒரு காரியம் செய்ததில்லை. இப்போது குழிதானே, முளைக்கட்டும், அப்புறம் சொல்லலாம் என்று விட்டேன்.

முளைத்தது. அந்த வாரத் தாளின் கடைசிக் கட்டத்தில் "இல்லை" என்று எழுதினேன். ஒரு சாண் வளர்ந்தது, "இல்லை" என்று எழுதினேன். மார்கழியில் தரணேந்திரன் சார் வந்தார். அது முழங்கால் உயரம் இருந்தது. கீரைப் பாத்தி என்று நினைத்துக்கொண்டு போய்விட்டார். அதன் பிறகு ஜீப் ரிப்பேர், அவருக்கு டெல்லிப் பயணம், ஆறு மாதத்துக்கு மேல் அவர் வரவில்லை. நான் வாராவாரம் "இல்லை" எழுதிக்கொண்டிருந்தேன். தை, மாசியில் இடுப்பளவு. பங்குனியில் தலைக்கு மேல். வெள்ளை வெள்ளையாகப் பூத்தது. அக்கா கீரை ஆய்ந்து பொரித்து, கேப்பைக் களியோடு கொண்டுவந்து வைப்பார். சாயங்காலம் நானே குடத்தில் தண்ணீர் மொண்டு அந்த வரிசைக்கு ஊற்றுவேன். அது இருக்கிற பக்கமாகத் திரும்பித்தான் சாப்பிடுவேன்.

இரண்டாம் ஆனியில் மேல்காற்று கிளம்பியது. பதிவேட்டில் ஒரு துளி மண் இல்லை. இருமல் இல்லை. பெட்டிக்குள் எண் மெதுவாக ஓடியது. அதையும் பார்த்தேன், பார்த்தபடியே எழுதினேன். எண்ணில் ஒரு புள்ளியைக்கூட நான் மாற்றியதில்லை. அதை வைத்துக்கொண்டு என்னை யோக்கியன் என்று நம்பிக்கொண்டிருந்தேன்.

"இந்த வருசம் காத்து கம்மியா இருக்குதே தம்பி?" என்று அக்கா கேட்டார். மாட்டின் கயிறு கையில் சுற்றியிருந்தது. "மேல பாத்தா மரம் அப்டி ஆடுது. ஒன் பொட்டில மட்டும் ஏன் ஓட மாட்டேங்குது?"

"வரும்க்கா" என்றேன்.

ஆடி நடுவில் ஒரு பிற்பகல் ஜீப் வந்தது. தரணேந்திரன் சார் இறங்கினார். அவர் வந்தால் முதலில் பதிவேட்டைக் கேட்க மாட்டார். கம்பத்துக்கு முதுகைக் காட்டி நின்று, வடக்கே பார்ப்பார், ஒரு நிமிஷம். பிறகு கால் மாற்றிக் கிழக்கு, தெற்கு, மேற்கு என்று ஒரு சுற்று. அன்று மேற்கே திரும்பியவர் திரும்பியபடியே நின்றார். குடையை மடக்கி, நுனியைத் தரையில் ஊன்றி நேராக நிறுத்தினார். என்னிடம் டேப்பைக் கொடுத்தார். குடை மூன்றடி, அதன் நிழல் நாலே கால் அடி. அகத்தியின் நிழலை அடியிலிருந்து அளந்தேன், இருபத்தொரு அடிக்குக் கொஞ்சம் மேலே. அந்த நிழல் கம்பத்தின் காலில் விழுந்திருந்தது. காகிதத்தில் கணக்குப் போட்டுப் பார்த்தார். மரம் பதினைந்தடி.

"பத்து மடங்கு எவ்ளோ?"

"நூத்தம்பது அடி சார்."

"இது?"

"இருபது."

அதற்குள் கன்னியம்மா அக்கா மோர் கொண்டுவந்துவிட்டார். முகமெல்லாம் பெருமை. "நான்தான் சார் வெச்சேன். தம்பிக்கு தூசி தாங்கல, செத்துருவான் போல இருமிக்கினு இருந்தான். இப்ப பாருங்க, எப்டிகீறான்!" சார் மோரை வாங்கிக் குடித்தார். "நல்லா வளத்திருக்கீங்கம்மா" என்றார். அவர் ஒரு திட்டு திட்டியிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும்.

அக்கா ஏற்றத்துக்குப் போன பிறகு வாராந்திரத் தாள்களை எடுக்கச் சொன்னார். கடைசிக் கட்டங்களை மட்டும் விரல் வைத்துப் பார்த்துக்கொண்டே வந்தார். இல்லை, இல்லை, இல்லை. முப்பது வாரத்துக்கு மேல். பார்த்து முடித்து, நான் காதைக் கிட்டக் கொண்டுபோகும்படி மெல்லச் சொன்னார்:

"எழுதினவன் கையெழுத்துப் போட்டுக் குடுக்காம பதிவ அடிக்க எனக்கு அதிகாரம் கெடையாது. நீ எழுதித் தரலன்னா இந்த எண்ணுதான் நிக்கும். இங்க காத்து பத்தாதுன்னு ஃபைல மூடிடுவாங்க. எழுதிக் குடுத்தா இதெல்லாம் செல்லாது, மரத்த வெட்டிட்டு இன்னொரு வருசம் அளக்கலாம்னு நான் சிபாரிசு பண்ணுவேன். ஆனா 'இல்லை'ன்னு எழுதினவன இங்க வெச்சிருக்க முடியாது. நிரந்தரப் பட்டியல்லேருந்தும் பேரு போயிடும்." ஜீப்பிலிருந்து டிபன் கேரியரை எடுத்தார். "சூரியன் சாயறதுக்குள்ள நான் சாப்புடணும். அந்தப் புளியமரத்தாண்ட இருக்கேன். அதுக்குள்ள சொல்லு."

கொட்டாயில் உட்கார்ந்தேன். அந்த வருஷப் பட்டியலில் என் பெயர் இருந்தது. வாயை மூடிக்கொண்டிருந்தால் வேலை நிரந்தரம். அகத்தியும் இருக்கும், அக்காவின் களியும் இருக்கும், இன்னும் சில மாதம் இங்கேயே இருக்கலாம். எழுதினால் மூன்றும் போச்சு. வெளியே கன்னியம்மா அக்கா மாட்டோடு சரிவில் இறங்கினார். கீழே போய் நின்று, ஒரு கையால் இடுப்பைப் பிடித்துக்கொண்டு, மறு கையால் மாட்டைப் பின்னாலே தள்ளினார். காற்றே போதாத ஊர் என்று எழுதி மூடிவிட்டால் இவர் சாகிற வரைக்கும் இந்தச் சரிவில்தான். அதுவும் எனக்காக நட்ட மரத்தால்! என் மேலேயே எனக்குக் காறித் துப்ப வேண்டும் போல இருந்தது. பேனாவை எடுத்தேன்.

நான் காகிதத்தை நீட்டியபோது சார் கேரியரின் மூடியைக்கூடத் திறந்திருக்கவில்லை. படித்தார். தம் பேனாவை எடுத்து அடியில் இரண்டு வரி சேர்த்தார்: மார்கழி ஆய்வின்போது இச்செடிகளை நான் நேரில் கண்டும் கவனிக்கத் தவறினேன். கையெழுத்துப் போட்டார்.

பிறகு இருவரும் தரையில் உட்கார்ந்து அடிக்கத் தொடங்கினோம். நாளுக்கு ஒரு கோடு, கோட்டுக்கு இரண்டு கையெழுத்து. எண் தெரியும்படி, ஸ்கேல் வைத்து, ஒரே கோடு. முழங்காலைத் தாண்டி இரண்டடியை எட்டிய வாரத்திலிருந்தே வரம்பு தாண்டியாயிற்று என்பதால் மார்கழியிலிருந்து எல்லாம் போயிற்று. முடித்து நிமிர்ந்தபோது சூரியன் இறங்கியிருந்தது. சார் மேற்கே ஒரு பார்வை பார்த்தார். கேரியரை என் பக்கம் நகர்த்தினார். "நீ சாப்புடு" என்று சொல்லிவிட்டு, பட்டினியாக ஜீப்பில் ஏறித் திண்டிவனம் போனார். தயிர்சாதம். நான் தொடவில்லை.

மறுநாள் காலையில் வேணு அண்ணனிடம் அரிவாள் வாங்கி வெட்டினேன். நாலாவது மரம் விழும்போது அக்கா ஓடிவந்தார்.

"டேய்! இன்னாடா பண்ற?"

"சாரு உத்தரவுக்கா."

"ஒன்ன இன்னா பண்ணிச்சி அது? பூ பூத்து நிக்குதேடா! நேத்து மோரக் குடிச்சிட்டு நல்லாகீதுன்னு சொன்னாரே அந்த மனுசன்!"

நான் வெட்டிக்கொண்டே இருந்தேன். உங்கள் மரம்தான் உங்கள் காற்றாடியை நிறுத்தப் பார்த்தது என்று அவர் முகத்தைப் பார்த்துச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. "கவுர்மெண்டுக்காரன் புத்தி போவுமா? தூசி துன்னு சாவு போ" என்று சொல்லிவிட்டு, தழையை வாரி ஆட்டுக்குக் கொண்டுபோனார். மூன்றாம் நாள் என்னை விடுவிக்கும் உத்தரவு வந்தது. பெட்டியைத் தூக்கிக்கொண்டு பஸ்ஸுக்கு நடந்தபோது அவர் சரிவில் இருந்தார். திரும்பிப் பார்க்கவில்லை. நானும் கூப்பிடவில்லை.

என்னை மரக்காணம் பக்கம் உப்பளத்து ஓரமாக ஒரு கம்பத்தில் போட்டார்கள். நிரந்தரம் ஆக மேலும் சில ஆண்டுகள் ஆயின. உப்புத் தரையில் ஒன்றும் முளைக்காது. கடைசிக் கட்டத்தில் "இல்லை" என்று நிஜமாகவே எழுதினேன்.

எண்பதுகள் முடியும் தறுவாயில் ஒருநாள் விழுப்புரம் மாடிக்குத் தாள் கொடுக்கப் போனேன். காற்றாடி நிறுவிய இடங்களின் பட்டியல் டெல்லியிலிருந்து வந்திருந்தது. அதில் அந்த ஊர்ப் பெயர் இருந்தது. இரண்டு தரம் படித்தேன். யாரிடமாவது சொல்ல வேண்டும் போல இருந்தது. தரணேந்திரன் சார் மாற்றலாகிப் போயிருந்தார். அங்கே வேறு யாருக்கும் அது வெறும் ஊர்ப் பெயர். கீழே இறங்கித் திண்டிவனம் பஸ்ஸில் ஏறிவிட்டேன்.

கம்பம் இல்லை. கொட்டாய் இருந்த தடமும் இல்லை. கிணற்று மேட்டில் இரும்புக் கால்களின் மேல் பெரிய தகர இறக்கைகள் கடகடவென்று சுற்றிக்கொண்டிருந்தன. குழாயிலிருந்து விட்டு விட்டுத் தண்ணீர் கொட்டியது. வேணு அண்ணன் வாய்க்கால் ஓரம் உட்கார்ந்து கோலால் தண்ணீரைத் திருப்பிவிட்டுக்கொண்டிருந்தார். ஏற்றச் சரிவில் புல் முளைத்திருந்தது. கன்னியம்மா அக்கா களை எடுத்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்தார். தெரியாதது போலக் குனிந்துகொண்டார்.

"அக்கா" என்றேன்.

"யாரு? காத்துக்காரரா? இன்னும் எத வெட்டணுமாம்?"

வரப்பில் உட்கார்ந்து, ஒன்று விடாமல் சொன்னேன். பத்து மடங்கு தூரத்தை, முப்பது வாரம் "இல்லை" என்று எழுதியதை, கோடு போட்டதை, என்னைத் தூக்கியடித்ததை. அவர் களைக்கொட்டைக் கீழே வைத்துவிட்டார்.

"அப்ப அந்த அகத்தி இருந்திருந்தா இது வந்திருக்காதா?"

"வந்திருக்காதுக்கா."

"அடப்பாவி! அத அன்னிக்கே சொல்றதுக்கு இன்னா? வெதை போடும்போதே சொல்றதுக்கு இன்னா?"

"எனக்குன்னு ஒருத்தர் செஞ்சது அது ஒண்ணுதான்க்கா. அதப் போயி வேணான்னு சொல்ல எனக்கு மனசு வரல. சொல்லிட்டா அப்புறம் நீங்க வர மாட்டீங்களோன்னு பயம்."

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தார். கோபமாகத்தான் பேசினார்.

"பைத்தியக்காரா! எனக்கு இன்னாடா தெரியும், கம்பத்துக்குக் காத்து வோணும், வோணாம்னு? நீ படிச்சவன்தானே? ஒரு வார்த்த சொல்லியிருந்தா ஒங் கொட்டாயத் தூக்கி அதோ அந்தாண்ட கெழக்கு வரப்பாண்ட போட்டுட்டு, அதுக்குப் பக்கத்துல அகத்தி போட்டிருப்பேனே. நாலு மூங்கிலு, ரெண்டு கட்டு ஓலை. ஜல்தியா ஒரு காலைல முடிஞ்சிபூடும். கம்பமும் இருந்திருக்கும், மரமும் இருந்திருக்கும், நீயும் இங்கயே இருந்திருப்ப."

கிழக்கே திரும்பிப் பார்த்தேன். கம்பம் நின்ற இடத்திலிருந்து கிழக்கு வரப்புக்கு இருநூறு அடிக்கு மேல் இருக்கும். வரப்பை ஒட்டி ஒரு கொட்டாய்க்கும் ஒரு வரிசை அகத்திக்கும் வேண்டிய இடம் வெறும் தரையாகக் கிடந்தது.